ஒவ்வாதவருக்கு முதல் அப்பம்

சித்தூர், வெல்ல மண்டி
1957 மார்ச் மாதம், புதன்கிழமை

என் அன்பு மகள் அலர்மேல்மங்கைக்கு உன் நைனா முனிரத்தினம் எழுதிக்கொள்வது. கர்த்தர் கிருபையால் நானும் உன் அம்மாவும் உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம், மனசைப் பற்றிக் கீழே எழுதுகிறேன். நீ அங்கே நாட்டிங்காமில் அந்தக் குளிரிலும் புகையிலும் இருமல் இல்லாமல், வேளைக்குச் சாப்பிட்டு, கால் வீங்காமல் வேலை பார்க்கிறாய் என்று நம்புகிறேன். கிறிஸ்துமஸுக்கு முன்னாலேயே வந்த உன் கடிதத்துக்கு நான் பதில் போடவில்லை. உன் அம்மா போட்டாள். நைனாவுக்குக் கரும்பு ஆலை ஆடுகிற பருவம், நேரமில்லை என்று அதில் எழுதியிருப்பாள். அது பொய்யில்லை, முழு நிஜமும் இல்லை. பயிற்சி முடிந்ததும் திரும்பி வர மனசு ஒவ்வவில்லை நைனா, இங்கேயே ஆஸ்பத்திரி வேலையில் இருக்கப் போகிறேன் என்று கடைசியில் ஒரு வரி போட்டிருந்தாயே, அதற்கு என்ன எழுதுவது என்று தெரியாமல் தள்ளிக்கொண்டே வந்தேன். குடிபாலா ரோட்டு மேலே உனக்கென்று கட்டிய வைத்தியசாலை அறை ஓடு போட்டு, வெள்ளை அடித்து, போன ஞாயிறு வரை கதவில் பூட்டுத் தொங்க நின்றது. நர்சம்மா அலர்மேல்மங்கை என்று தமிழிலும் தெலுங்கிலும் எழுதி வாசலில் பலகையும் மாட்டியிருந்தேன். மண்டிக்கு வருகிற பெண்பிள்ளைகள் எல்லாம் நர்சம்மா எப்போ வராங்க, எப்போ வராங்க என்று என்னைத்தான் கேட்கிறார்கள், நான் வெல்லத்துக்கு விலை சொல்கிற மாதிரி ஏதோ ஒன்று சொல்லி அனுப்புகிறேன்.

இருப்புக் கொள்ளவில்லை அம்மா. மண்டியில் உட்கார்ந்தால் குடிபாலாவுக்குப் போகணும் போல இருக்கிறது, அங்கே போனால் மண்டி ஞாபகம். நடந்ததை எல்லாம் வரிசையாக எழுதுகிறேன், அப்போதுதான் உன் அந்த ஒரு வரிக்கும் என்னால் பதில் எழுத முடியும். முதலில் நீ கேட்டிருந்த கேள்வி. அங்கே நீ ஞாயிற்றுக்கிழமை போகிற அந்தப் பழைய செங்கல் கூடத்தில் ஒரு கிழவி, உங்கள் ஊரில் பிஷப் இல்லாத சபை எப்படி வந்தது என்று கேட்டதாகவும், உனக்குப் பாதிதான் சொல்லத் தெரிந்தது என்றும் எழுதியிருந்தாய். அவர்கள் கதையை நீ எழுதியிருந்ததைச் செங்கல்வராயன் மாமா நம் சபைக் கூடத்தில் உரக்கப் படித்தார், எல்லாரும் வாயைப் பிளந்துகொண்டு கேட்டோம். ராஜா சபையில் சேராதவனுக்கு அந்தக் காலத்தில் பெரிய காலேஜில் இடமில்லை, பிரசங்கம் பண்ணினால் ஜெயில், சர்க்கார் உத்தியோகம் வேண்டுமென்றால் ராஜா சபையில் போய் அப்பம் வாங்கித் தின்றுவிட்டு வந்து காட்டணும் என்றிருந்தாயே, அது எனக்கு வெகுநாள் மனசில் ஓடியது. வருஷத்துக்கு ஒரு தரம் போய் அந்த அப்பத்தைத் தின்றுவிட்டு, உத்தியோகத்தையும் வாங்கிக்கொண்டு, மற்ற ஞாயிறெல்லாம் தங்கள் கூடத்துக்கே போனவர்களும் உண்டாம். படித்தபோது எல்லாரும் சிரித்தார்கள், ஆனால் கொஞ்சம் பேர் தலையைக் குனிந்துகொண்டே சிரித்தார்கள். ஏன் என்று உனக்குத் தெரியும். கிறிஸ்தவன் என்று எழுதினால் சலுகை போய்விடும் என்று பள்ளிக்கூடத்தில் பிள்ளையை இந்து என்று எழுதிவிட்டு, ஞாயிற்றுக்கிழமை நம் பாயில் வந்து உட்காருகிறவர்கள் நம்மிலும் இருக்கிறார்கள். நான் அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். வயிறு இருக்கிறதே.

உத்தியோகக் கதவைச் சாத்தினார்கள், அவர்கள் கடை வைத்தார்கள், பட்டறை வைத்தார்கள், நெசவு ஆலை வைத்தார்கள் என்றாயே, அதற்கு எனக்கு யாரும் விளக்கம் சொல்ல வேண்டியதில்லை. எனக்கு எந்தத் தாலுக்கா ஆபீசில் நாற்காலி போட்டார்கள், அதனால்தான் தலையில் கூடை தூக்கி வெல்லம் விற்று இந்த மண்டிக்கு வந்தேன். ராஜா கோயில் கூரையை மாற்ற வரி கேட்டபோது கட்ட மாட்டோம் என்று சொல்லி வீட்டு நாற்காலியையும் பித்தளைப் பாத்திரத்தையும் ஏலத்துக்கு விட்டுக்கொடுத்தார்கள் என்றாய். அதைவிட, அடிமைகளை வைத்து விளைவித்த சர்க்கரை வீட்டுக்குள் வரக்கூடாது என்று டீயைச் சப்பென்று குடித்தார்கள் என்பதுதான் எனக்கு எல்லாவற்றிலும் பெரிசாகத் தெரிந்தது. நான் வெல்லம் விற்கிறவன். வாங்குகிறவன் வேண்டாம் என்று சொன்னால் விற்கிறவன் எவ்வளவு சீக்கிரம் இறங்கி வருவான் என்று எனக்குத் தெரியும். ஊர் ஊராக அப்படி வேண்டாம் என்று சொல்லி, மனு எழுதி, கையெழுத்து வாங்கி, கடைசியில் அந்தப் பார்லிமெண்டையே அசைத்தார்கள் என்றால் ஆச்சரியமில்லை.

நம் கதையை அந்தக் கிழவிக்கு இப்படிச் சொல்லு. உன் தாத்தா காலத்தில் நம் சனங்கள் மிஷன் கோயிலுக்குத்தான் போனார்கள். அங்கே திருவிருந்து அன்றைக்கு நிலம் வைத்திருக்கிற சாதியிலிருந்து வந்த கிறிஸ்தவர்கள் முதலில் போய் அப்பமும் திராட்சை ரசமும் வாங்குவார்கள், அவர்கள் உட்கார்ந்த பிறகு நம் ஆட்கள். என் அத்தை செல்லியம்மா, அறுப்புக்குப் போய் வந்த கையோடு கோயிலுக்கு வருகிறவள், ஒரு ஞாயிறு எழுந்து, கர்த்தர் பந்தியிலும் எங்களுக்குக் கடைசிப் பந்தியா என்று கேட்டுவிட்டாள். அதற்கு அவளுக்கு அப்பமே கொடுக்காமல் நிறுத்திவிட்டார்கள். அவள் வெளியே வந்தாள், அவள் பின்னாலே நம் தெரு முழுக்க வந்தது. அவர்களாகவே பாய் விரித்து ஒரு கொட்டகையில் உட்கார்ந்து, நமக்குள்ளே இரண்டே விதி என்று வைத்துக்கொண்டார்கள். எந்த முடிவு எடுத்தாலும் மனசுக்கு ஒவ்வாதவங்க உண்டா என்று மூன்று தடவை கேட்கணும். உண்டு என்கிறவர் தன் பாயை எடுத்துக்கொண்டு வாசல்பக்கம் போய் உட்காரணும், அன்றைக்கு அப்பத்தின் முதல் துண்டு அவருக்குத்தான். எதிர்த்துப் பேசினதால் ஒருத்திக்கு அப்பம் போச்சு, இனி எதிர்த்துப் பேசினவருக்கே முதல் அப்பம் என்று. காட்பாடி ரயில்வேயில் வேலை பார்த்த ஒரு வெள்ளைக்கார ஃபிட்டர் கொஞ்ச காலம் நம் பாயில் வந்து உட்கார்ந்தார், எங்கள் ஊரிலும் உங்களை மாதிரி ஆட்கள் நிறைய உண்டு என்று அவர்தான் முதலில் சொன்னவர். அந்த விதியால் என்ன கிடைத்தது என்று கேட்டால், வாயைத் திறக்கிற பழக்கம் கிடைத்தது. தாசில்தார் முகாம் போட்டால் கூலியில்லாமல் மூட்டை தூக்கி, விறகு வெட்டி, குதிரைக்குப் புல் அறுத்துக் கொடுத்துக்கொண்டிருந்த சனங்கள், ஒரு வருஷம் மாட்டோம் என்று கூடத்தில் முடிவு பண்ணி நிஜமாகவே போகவில்லை. பக்கத்து ஊர்க்காரர்களும் அதைப் பார்த்து நிறுத்தினார்கள். அன்றிலிருந்து கூடத்துக்காரர்கள் என்ன சொல்கிறார்கள் என்று பெரிய மனிதர்களும் காது கொடுத்தார்கள். நாற்பத்தேழில் மிஷன் சபைகள் எல்லாம் ஒன்றாகி பிஷப்மார்களுக்குக் கீழே போனபோது நம்மையும் கூப்பிட்டார்கள், மரியாதையாகத்தான் கூப்பிட்டார்கள். மூன்று தடவை கேட்டோம், வாசல்பக்கம் பாய் கொள்ளவில்லை, விட்டுவிட்டோம்.

இப்போது இந்த எல்லை விஷயம். ஆந்திரம் தனி ராஜ்யமானதிலிருந்து இங்கே ஒவ்வொரு ஊரிலும் இதே பேச்சு. எந்தக் கிராமம் இங்கே, எந்தக் கிராமம் மெட்ராஸுக்கு என்று தீர்த்து வைக்க மத்தியஸ்தர் வைத்திருக்கிறார்கள், மனு கொடுக்கிறவன் எல்லாம் கொடுத்துக்கினு இருக்கான். நகரி, புத்தூர், சத்தியவேடு பக்கமெல்லாம் சுவரில் எழுத்துத்தான். திருப்பதிக்கு வெல்லம் கொண்டுபோனால் அங்கே கடைக்காரர் கன்னையா, மீரு இக்கடே உண்டண்டி, இங்கேயே இருங்க, ஏன் பிச்சுக்கினு போறீங்க என்று பாதி தெலுங்கிலும் பாதி தமிழிலும் என்னைப் பிடித்து உட்கார வைத்து மோர் கொடுத்துக் கெஞ்சுகிறார். இந்தப் பக்கம் சித்தூரில் வேதாச்சலம், அதுதான் மெட்ராஸோடு சேரணும் என்று வடக்கெல்லைக் கமிட்டியில் பேசுகிறாரே கஞ்சி போட்ட வேட்டிக்காரர், அவர் என்னை விடுவதில்லை. எனக்கும் மெட்ராஸ் பக்கம்தான் மனசு, மறைக்கவில்லை. நம் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியாரை மாற்றிவிட்டுத் தெலுங்கு வாத்தியாரைப் போட்டிருக்கிறார்கள். அவர் நல்ல மனிதர்தான், பிள்ளைகள் சொல்வது அவருக்குப் புரியவில்லை, அவர் சொல்வது பிள்ளைகளுக்குப் புரியவில்லை, இரண்டு பக்கமும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டு பொழுதைப் போக்குகிறார்கள். இது ஒரு பக்கம். இன்னொரு பக்கம், நம் ஊர் மெட்ராஸுக்குப் போனால் அங்கே வெல்லக் கூட்டுறவுச் சங்கம் வரும், அதற்கு நீங்கள்தான் தலைவர் என்று வேதாச்சலம் எனக்குச் சொல்லியிருந்தார். உன் நைனா ஒரு நாற்காலியில் உட்காருவான் என்று எனக்கும் ஆசை இருந்தது, மகளிடம் சொல்ல என்ன வெட்கம்.

அவர் கொண்டுவந்த மனுவில், தமிழராகிய குடிபாலா கூடத்தார் அனைவரும் ஒரே மனதாக மெட்ராஸ் ராஜ்யத்தில் சேரக் கோருகிறோம் என்று எழுதியிருந்தது. மற்ற ஊர் மனுவிலெல்லாம் பாதிப் பேர் இல்லை, கட்டுக்கட்டாகக் கைநாட்டுத்தான், உங்கள் கூடத்தார் ஒரே மனசு என்று சொன்னால் அதற்கு எடை வேறே, நீங்கள் ஒவ்வொருத்தரையும் கேட்டுத்தான் முடிவு பண்ணுவீர்கள் என்று சுற்றுவட்டாரமே அறியும் என்றார். அது நிஜம். அந்த எடைக்காகத்தான் அவர் வந்தார்.

போன ஞாயிறு அப்பம் உடைக்கிற முறை என்னுடையது. ஆராதனைக்கு முன்னால் மனு விஷயத்தை முடித்துவிடலாம் என்று வேதாச்சலத்தையும் உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தோம். பாயில் உட்கார்ந்து அவருக்குப் பழக்கமில்லை, காலை இப்படி மடக்குவதா அப்படி மடக்குவதா என்று வேட்டியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். செங்கல்வராயன் மாமா மனுவைப் படித்துவிட்டு, மனசுக்கு ஒவ்வாதவங்க உண்டா என்று கேட்டார். சத்தமில்லை. இரண்டாம் தடவை கேட்டார். சத்தமில்லை. நான் பேனாவை எடுத்து மூடியைக் கழற்றிவிட்டேன். மூன்றாம் தடவை கேட்டபோது பெண்கள் பக்கத்தில் பாய் சுருட்டுகிற சத்தம் கேட்டது. உன் அம்மா. நான் ஏதோ குழந்தை அழுகிறது, யாரோ வெளியே தூக்கிக்கொண்டு போகிறார்கள் என்று நினைத்தேன். அவள் பாயைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நேராக வாசல்பக்கம் போய் விரித்து, புடவையை இழுத்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். இருபத்தைந்து வருஷக் குடித்தனத்தில் அவள் வாசல்பக்கம் போய் நான் பார்த்ததில்லை. வீட்டில் சண்டை போடுவாள், அது வேறே.

என்ன ஒவ்வவில்லை என்று மாமா கேட்டார். அவள் என்னைப் பார்க்காமல் அவரைப் பார்த்துத்தான் சொன்னாள், தமிழராகிய நாங்கள் அனைவரும்னு எழுதியிருக்குது, ரங்கையா வூட்லயும் அவங்க சொந்தக்காரங்க வூட்லயும் தெலுங்குலதான் ஜெபம் பண்றாங்க, அவங்க எப்போ தமிழரானாங்க, அவங்க மனசு ஒரே மனசுல எப்படிச் சேந்துச்சு என்று. நம் வண்டி ஓட்டுகிற ரங்கையாதான், உனக்குத் தெரியும், நீ ரயிலேறின அன்றைக்குப் பெட்டியைத் தூக்கி வந்தானே. எனக்குக் கோபம் வந்துவிட்டது. ரங்கையா இங்கேதானே உட்கார்ந்திருக்கிறான், மூன்று தடவை கேட்டாயிற்று, அவனே வாயைத் திறக்கவில்லை, அவனுக்காக நீ எதற்குப் பேசுகிறாய் என்றேன். அப்போது உன் அம்மா என் பக்கம் திரும்பினாள்.

"அவரு எப்படித் தொறப்பாரு? உங்க வண்டியத்தானே ஓட்டிக்கினு இருக்காரு."

யாரோ பின்னால் சிரிப்பை இருமலாக்கினார்கள், அது உன் சித்தப்பா எத்திராஜ்தான், பிறகு கேட்டுக்கொள்கிறேன். நான் ரங்கையாவைப் பார்த்தேன். அவன் தரையைப் பார்த்துக்கொண்டு துண்டை மடித்து மடித்துப் பிரித்தான். பிறகு மெதுவாக எழுந்து தன் பாயை எடுத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினான். அக்கா சொல்றது நிஜந்தான் மாமா, என் பசங்களுக்கு இப்பத்தான் அவங்க பாஷையில வாத்தியார் வந்திருக்காரு, எனக்கு இந்தப் பக்கமே இருக்கணும், உங்ககிட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியலை என்று சொல்லிவிட்டு உன் அம்மாவுக்குக் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தான். அவன் பெண்சாதி சென்னம்மா போனாள். அவர்கள் சொந்தக்காரர்கள் எல்லாரும் போனார்கள். எனக்கு இந்தப் பக்கம் எரிச்சல், அந்தப் பக்கம் ஆச்சரியம். இத்தனை வருஷம் என் பக்கத்தில் உட்கார்ந்து வண்டி ஓட்டுகிறவன், சித்தூருக்கும் குடிபாலாவுக்கும் போய் வருகிற வழியெல்லாம் நான் எல்லை எல்லை என்று பேசிக்கொண்டே வருவேன், அவன் ஆமாம் மாமா ஆமாம் மாமா என்பான். அந்த வாத்தியார் வந்தது என் பேச்சில் அநியாயம், அவன் பிள்ளைகளுக்கு விடிவு. இது எனக்குத் தோன்றவே இல்லை.

வேதாச்சலம் என் காதுக்குப் பக்கத்தில் குனிந்து, மீதிப் பேர் எல்லாம் சம்மதம்தானே, அந்த வரி அப்படியே இருக்கட்டும், தில்லியிலிருந்து யார் வந்து ரங்கையா எந்தப் பாஷையில் ஜெபம் பண்ணுகிறான் என்று பார்க்கப் போகிறார்கள் என்றார். ஒரு நிமிஷம் எனக்கும் அது சரி என்றே பட்டது. ஆனால் அம்மா, நான் மண்டியில் எந்தக் கூடை வந்தாலும் மேலே இருக்கிற உருண்டையைப் பார்த்து விலை சொன்னதில்லை. அடியில் கையை விட்டு ஒன்றை எடுத்து உடைத்துப் பார்த்துத்தான் சொல்வேன். மேலே பொன் மாதிரி நாலு அடுக்கி அடியில் கரி வெல்லம் வைக்கிறவனை மண்டிக்குள் மறுபடி விட்டதில்லை. அந்த மனு அப்படி ஒரு கூடை, அதில் என் பெயரை நானே மேலே அடுக்கப் போகிறேன். முடியாது என்று சொல்லிவிட்டேன். அனைவரும் என்பதையும் ஒரே மனதாக என்பதையும் எடுத்துவிட்டு, சேர விரும்புகிற குடும்பத் தலைவர்கள் பெயர் ஒரு பக்கம், இங்கேயே இருக்க விரும்புகிறவர்கள் பெயர் ஒரு பக்கம், எந்த ராஜ்யமானாலும் பள்ளிக்கூடத்தில் இரண்டு பாஷைக்கும் வாத்தியார் வேண்டும் என்பது எல்லாருக்கும் பொது, அதுதான் ஒரே மனது, அப்படி எழுதித் தருகிறோம் என்றேன். அவர் எழுந்துவிட்டார். கால் மரத்துப்போய் ஒரு தடுமாற்றம் தடுமாறினார். வெளியே வந்து என்னிடம், உங்க வீட்டம்மாவையே உங்களாலே சமாளிக்க முடியலை, நீங்க சங்கத்தை எப்படிச் சமாளிப்பீங்க என்றார். என் வீட்டம்மாவைச் சமாளிக்கிற ஆள் கிடைத்தால் அவனுக்கே சங்கத்தைக் கொடுங்கள், ஆளை எனக்கும் காட்டுங்கள் என்று சொல்லி அனுப்பினேன். தலைவர் நாற்காலி அவர் வந்த ஜீப்பிலேயே போய்விட்டது. மறுநாள் நாம் எழுதிக் கொடுத்தனுப்பிய மனுவை மேலே சேர்ப்பாரா, வழியிலேயே கிழித்துப் போடுவாரா தெரியாது. அதனால் செங்கல்வராயன் மாமாவை இன்னொரு பிரதியோடு மத்தியஸ்தரிடம் நேராகவே அனுப்பியிருக்கிறேன், ஆள் இன்னும் திரும்பி வரவில்லை. நம் ஊர் எந்தப் பக்கம் போகுமோ அந்தக் கர்த்தருக்கே வெளிச்சம். கூடம் ஒரு ராஜ்யத்திலும் கல்லறைத் தோட்டம் ஒரு ராஜ்யத்திலும் போய்விடும் என்று ஒருத்தன் கிளப்பிவிட்டிருக்கிறான், கிழங்கட்டைகள் எல்லாம் செத்தால் செக்போஸ்டில் நிறுத்துவார்களா என்று என்னைக் கேட்கிறார்கள்.

விட்ட இடத்துக்கு வருகிறேன். வேதாச்சலம் போனதும் ஆராதனை. அந்த வாரம் அப்பம் சுடுகிற முறையும் நம் வீடுதான், உன் அம்மா விடியற்காலையில் சுட்டுத் துணியில் சுற்றி எடுத்து வந்திருந்தாள். அவள் சுட்ட அப்பத்தை நான் உடைத்து, வாசல்வரை நடந்து, முதல் துண்டை அவளுக்கே கொடுக்கணும். கோபம் போகவில்லை எனக்கு, காது இன்னும் சூடாகத்தான் இருந்தது. நடந்து போனேன். அவள் கையை நீட்டினாள். முகத்தில் வெற்றியும் இல்லை ஒன்றும் இல்லை, ஏதோ வீட்டில் தட்டு வாங்குகிற மாதிரி வாங்கினாள். அடுத்தது ரங்கையா. அவன் துண்டில் கையைத் துடைத்துவிட்டு வாங்கினான். வண்டி வேலை போச்சு என்றே நினைத்துக்கொண்டிருந்தானாம், சென்னம்மா பிறகு உன் அம்மாவிடம் சொல்லியிருக்கிறாள். அவர்கள் எல்லாருக்கும் கொடுத்த பிறகுதான் நம் பக்கம் வந்தேன். இந்த விதியைச் சின்ன வயசிலிருந்து பார்க்கிறேன், இத்தனை நாள் வாங்குகிறவருக்காக வைத்த விதி என்றே நினைத்திருந்தேன். கொடுக்கிறவன் அவ்வளவு தூரம் நடந்து போகணுமே, அதற்காகவும் வைத்திருப்பார்கள் போலிருக்கிறது.

திரும்பி வரும்போது ரங்கையாதான் வண்டி ஓட்டினான், மாட்டைப் பார்த்தபடியே வந்தான். நாளைக்கு வெள்ளென வந்துவிடு, திருப்பதிச் சரக்கை ரயிலில் ஏற்றணும் என்று சொன்னேன், சரி மாமா என்றான். அவ்வளவுதான், அதற்கு மேல் அதைப் பற்றிப் பேச ஒன்றுமில்லை. உன் அம்மா பின்னால் உட்கார்ந்து வந்தாள். ரோட்டில் உன் வைத்தியசாலை அறை தெரிகிற திருப்பம் வந்ததும் அந்தப் பலகையைப் பார்த்துவிட்டுக் கேட்டாள்.

"ஊரையெல்லாம் மூணு தடவை கேக்கறோம். மங்கையை ஒரு தடவையாவது கேட்டீங்களா?"

மாடு தண்ணிக்கு நிற்குது என்று ஏதோ ரங்கையாவிடம் பேசினேன். ஆனால் அன்றிலிருந்து அந்தக் கேள்வி என்னோடு மண்டிக்கு வருகிறது, திரும்புகிறது. உன்னை நர்ஸ் படிப்புக்கு வேலூரில் சேர்த்தபோதே என் மனசில் அறை கட்டிவிட்டேன். நீ கப்பலேறுவதற்கு முந்தின ஞாயிறு கூடத்தில் எழுந்து, என் மகள் படித்துவிட்டு வந்து குடிபாலாவில் வைத்தியசாலை வைப்பாள் என்று சொன்னேன், எல்லாரும் ஆமென் என்றார்கள். நீ அந்தப் பக்கம் பெண்களோடு உட்கார்ந்திருந்தாய். உன் முகத்தைப் பார்த்த ஞாபகம் இல்லை. நீயும் என் வண்டியில் வந்தவள்தானே.

அதனால் விதிப்படி இப்போது கேட்கிறேன். இங்கே வந்து அந்த அறையில் வைத்தியசாலை நடத்த உனக்கு ஒவ்வாதா? ஒவ்வாதா? ஒவ்வாதா? பதில் நீ முன்னாலேயே எழுதிவிட்டாய், இருந்தாலும் கேட்காமல் வந்த பதிலுக்கும் கேட்டு வந்த பதிலுக்கும் வித்தியாசம் இருக்கிறது, மறுபடி எழுது. எழுதும்போது என் கட்சியையும் கேட்டுக்கொள். நான் உன்னோடு ஒத்துப்போகவில்லை. இங்கே பிரசவத்துக்குச் சித்தூருக்கு வண்டி கட்டிக்கொண்டு போகிற வழியிலேயே பிள்ளை பெறுகிறார்கள், நம் தெருப் பாப்பாத்தியின் மருமகள் தை மாசம் அப்படித்தான், தாயும் பிள்ளையும் பிழைத்தது தெய்வ சங்கல்பம். அங்கே நாட்டிங்காம்காரனுக்கு நர்சுக்குப் பஞ்சமில்லை, இங்கே இருக்கிறது. இதை நான் ஒவ்வொரு கடிதத்திலும் எழுதுவேன், நீ பொறுத்துக்கொள்ளணும். வாசல்பக்கம் உட்கார்ந்தவரோடு மீதிப் பேர் பேசக்கூடாது என்று விதி ஒன்றும் இல்லை. ஆனால் உன்னுடைய பாய் வாசல்பக்கம் இருக்கிறது என்பதை நான் ஒத்துக்கொண்டுவிட்டேன். திங்கட்கிழமை ஆளை வைத்துப் பலகையை இறக்கிவிட்டேன். அறையில் இப்போது காலையில், மாற்றல் ஆகிப்போன தமிழ் வாத்தியாரின் தம்பியை வைத்துப் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லித்தருகிறோம். ரங்கையா பசங்களும் வந்து ஜன்னலில் தொற்றிக்கொண்டு வேடிக்கை பார்க்கிறார்கள், உள்ளே வாங்கடா என்று உன் அம்மா இழுத்து உட்கார வைத்தாள். பலகை நல்ல தேக்கு, வீணாக்க மனசில்லை, அதன் பின்பக்கத்தைச் சுத்தமாகத் தேய்த்துக் கழுவி உன் அம்மா கூடத்து அப்பத்துக்கு மாவு தேய்க்கிற பலகையாக்கிக்கொண்டாள். உன் பெயர் அடியில் இருக்கிறது, அழிக்க வேண்டாம் என்று நான்தான் சொன்னேன்.

மற்றபடி செய்தி, இந்த வருஷம் கரும்பில் சாறு நன்றாக இருக்கிறது, பாகு நல்ல நிறம் விழுகிறது. சூளூர்பேட்டையிலிருந்து உன் பெரியம்மா கருவாடு அனுப்பியிருந்தாள், வீடு முழுக்க நாறியது, ருசியாக இருந்தது. உன் அம்மாவுக்கு முழங்கால் வலி, நீ சொன்ன தைலம் தேய்க்கச் சொன்னால் கேட்க மாட்டேன் என்கிறாள், நீயே அதட்டி எழுது. அங்கே வார்டில் உன்னை மேரி என்று கூப்பிடுகிறார்கள் என்று எழுதியிருந்தாயே, அதற்கு இடம் கொடுக்காதே. அலர்மேல்மங்கை என்ற பெயரை மாற்றச் சொன்ன பாதிரிக்கே நாம் மாட்டோம் என்றவர்கள். நீளமாக இருந்தால் அவர்கள் பழகிக்கொள்ளட்டும், நாம் நாட்டிங்காம் என்று சொல்லப் பழகவில்லையா. கம்பளிக் காலுறை இல்லாமல் ராத்திரி டூட்டிக்குப் போகாதே. அந்தக் கிழவிக்கு நம் கூடத்தார் வந்தனம் சொன்னதாகச் சொல்லு.

கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் காப்பாராக, உன் கையால் பிழைக்கிறவர்கள் உன்னை வாழ்த்துவார்களாக. நீ எந்தப் பக்கம் இருந்தாலும் நீ என் மகள், அந்த எல்லையை எந்த மத்தியஸ்தரும் மாற்ற முடியாது. செங்கல்வராயன் மாமா ஊரில் இல்லாததால் வருகிற ஞாயிறும் அப்பம் உடைக்கிற முறை எனக்கே வந்திருக்கிறது. கூடத்தில் எழுந்து, வைத்தியசாலையைப் பற்றி நான் சொன்னதை என் மகளைக் கேட்காமல் சொன்னேன், அவளுக்கு ஒவ்வவில்லை என்று சொல்லப் போகிறேன். அது முடிந்ததும் முதல் துண்டை உன் பெயர் சொல்லி எடுத்துக்கொண்டு வாசல்வரை நடப்பேன். அங்கே பாய் காலியாகத்தான் இருக்கும். உனக்காக உன் அம்மா வந்து கை நீட்டுகிறேன் என்றிருக்கிறாள்.

இப்படிக்கு,
உன் நைனா
வெ. முனிரத்தினம்